குறிலா நெடிலா

துரேவாவின் வடக்கு வாசலில்
நாற்பத்தொன்பது அம்புகள் காற்றில் நிற்கின்றன.
நீங்கள் எண்ண வேண்டாம், அது என் வேலை.
நகரசபை அதற்குத்தான் சம்பளம் தருகிறது,
பனிக்காலத்துக்கு ஒரு கம்பளிக் கோட்டும்.

முந்நூற்றுப் பன்னிரண்டு ஆண்டுகளுக்கு முன்
வோர்கன் படை எய்தவை.
மதில்மேல் ஏறினாள் ஈல்மரா.
கையை உயர்த்தினாள், வாயைத் திறந்தாள்,
ஒரே ஒரு சொல்லைத் தொடங்கினாள்.
இன்னும் முதல் எழுத்திலேயே இருக்கிறாள்.

ஆண்டுக்கு ஒரு விரற்கடை நகர்கின்றன அம்புகள்.
துணி காயப்போடுகிறோம் அவற்றில்.
ஏழாவதில் மீன்காரன் தொம்ரிக் தராசு மாட்டியிருக்கிறான்.
அந்தக் காலத்தில் அறுத்துப் பார்த்தார்களாம்,
ரம்பம்தான் தேய்ந்தது.
சாராயக்கடைக் கதவைத் துளைக்க
பதினாறாம் அம்புக்குப் பதினோரு மாதம் பிடித்தது;
கடைக்காரி யெல்தா தினமும் மரத்தூளைப் பெருக்கித் தள்ளினாள்,
வசவோடு.

குறிக்கு நேரே இருக்கும் வீடுகளுக்குப் பாதி வாடகை.
நான் அப்படி ஒன்றில்தான் குடியிருக்கிறேன்.
முப்பத்தோராவது அம்பு
என் சன்னலுக்கு நான்கு முழம் வெளியே,
தலைமாட்டைப் பார்த்தபடி.

ஊர் இரண்டாகக் கிடக்கிறது.
அவள் சொல்லும் எழுத்து குறில் என்பார் ஒரு சாரார்:
ஒரு மாத்திரை, முடியும் காலம் வந்துவிட்டது என்று
வீட்டுக்கு வெள்ளையடிக்காமல் விடுவார்கள்.
நெடில் என்பார் மற்றவர்:
இன்னும் முந்நூறு ஆண்டு கிடக்கிறது என்று
பேரப்பிள்ளைகளுக்குச் சேர்த்துக் கடன் வாங்குவார்கள்.
இவர்களுக்குள் பெண் கொடுப்பதில்லை, எடுப்பதில்லை.
பதின்மூன்று ஆண்டுக்கொருமுறை
அவள் தொண்டை ஒருதரம் அதிரும்.
அன்றைக்கு மட்டும் எல்லோரும் சேர்ந்து குடிப்பார்கள்.
நான் மூன்று அதிர்வு கண்டவன்.

இமைப்பொழுது என்று எளிதாகச் சொல்லிவிடுகிறோம்.
வசந்தம்தோறும் ஏணி வைத்து ஏறி
நான் அவள் இமையை அளக்கிறேன்.
அது மூடத் தொடங்கியது
எனக்கு முன்னிருந்த அளவர் ஹர்வென் காலத்தில்;
அவர் ஏட்டில் அந்தப் பக்கத்தில் மை கொட்டியிருக்கிறது.
பாதி இமைப்புக்குள்
இரண்டு கொள்ளைநோய், ஒரு தேர்தல் கலவரம்,
என் திருமணம், அதன் முறிவு.

மதிலுக்கு வெளியே
அகழியைத் தாண்டுகிறான் ஒரு வோர்கன் பையன்.
பதினைந்து வயதிருக்கும். அந்தரத்தில் நிற்கிறான்,
செருப்பு வார் அறுந்திருக்கிறது.
பனி பெய்தால் யாராவது போய்
அவன் இமைமயிரைத் துடைத்துவிட்டு வருவார்கள்.
போன ஆண்டு யாரோ தொப்பி வைத்திருந்தார்கள்,
சரியாகப் பொருந்தியது.

இந்த வசந்தத்தில் முதலில் உதடுகளை அளந்தேன்.
இடைவெளி ஒரு மயிரிழை குறைந்திருந்தது.
கண் மங்கலோ என்று விளக்கை நகர்த்தி மறுபடி அளந்தேன்.
பிறகு அம்புகளிடம் போனேன்.
இரண்டு விரற்கடை.
நாற்பத்தொன்பதும்.

ஏட்டில் ஒன்று என்று எழுதினேன்.

திரும்ப மேலே போய் அவள் முகத்துக்கு எதிரே நின்றேன்.
அவள் எங்களைப் பார்க்கவில்லை.
தன் தெருக்காரர்களைக் காப்பதாக
இன்னும் நினைத்துக்கொண்டிருக்கிறாள்.
அவர்கள் எல்லோரும் முதுமையில் செத்து,
கல்லறைக் கல்லும் தேய்ந்துவிட்டது.
நாங்கள் யாரோ,
அவள் விடும் மூச்சில் ஒண்டவந்தவர்கள்.
நெற்றியோரம் ஒரு வேர்வைத் துளி.
எட்டுப் பத்து ஆண்டாக இறங்கிக்கொண்டிருக்கிறது.
துடைக்கக் கை நீட்டினேன்,
சட்டவிதி நினைவுக்கு வந்து மடக்கிக்கொண்டேன்.

கீழே தொம்ரிக் கேட்டான்,
"என்ன, இந்த வருடம்?"
"ஒன்றுதான்."
"மீன் வேண்டுமா, புதிது" என்றான். வாங்கினேன்.

இரவு கட்டிலை எதிர்ச்சுவருக்கு இழுத்துப் போட்டேன்.
தூக்கம் வரவில்லை.
விடியுமுன் திரும்பப் பழைய இடத்துக்கே தள்ளினேன்,
கால்கள் கீச்சிடாமல், மெதுவாக.
வீட்டுக்காரி நெடில்கட்சி.
வாடகைக்கு வருகிறவள் கண்ணில் பட்டால்
ஊருக்கே தெரிந்துவிடும்.